படம் அவர்களிடம், பெயர் எங்களிடம்

பனோராமியோ ஞாபகம் இருக்கிறதா? கூகிள் ஏர்த்தில் ஊரைத் தேடிக்கொண்டு மேலிருந்து கீழே இறங்கினால், நிலத்தின் மேல் குட்டிக் குட்டிப் புள்ளிகள் தெரியும். ஒன்றைத் தொட்டால், யாரோ ஒருவர் அந்த இடத்தில் நின்று எடுத்த படம் திறக்கும். அதுதான் பனோராமியோ. 2005இல் ஸ்பெயினில் இரண்டு பேர் தொடங்கியது. 2007இல் கூகிள் வாங்கியது. 2016 நவம்பர் 4ஆம் திகதியோடு கதை முடிந்தது.

வெளிநாட்டிலிருந்த என் சொந்தக்காரர் சிலர், ஊரை விட்டுப் போனபிறகு மட்டக்களப்பின் கல்லடிப் பாலத்தை முதன்முதலாகத் திரும்பப் பார்த்தது அந்தப் புள்ளிகளில்தான். படத்தை எடுத்தவர் யாரோ ஒரு டச்சுக்காரராகவோ, கொழும்பிலிருந்து சனி ஞாயிறு பார்த்து மோட்டார் சைக்கிளில் வந்த பொடியனாகவோ இருப்பார். கோணல் படம், கை நடுங்கின படம், பாதி வானம் பாதி மின்கம்பி. யாரும் விருது கொடுக்க மாட்டார்கள். ஆனால் மணிக்கணக்காகப் பார்த்துக்கொண்டிருக்கலாம்.

அந்தப் பழக்கம் எனக்கு இன்னும் விடவில்லை. இரவில் சாப்பிட்டு முடிந்தால், இணையத்தில் யாரும் எட்டிப்பார்க்காத மூலைகளில் பழைய பயணப் படங்களைத் தேடிக்கொண்டிருப்பேன். மட்டக்களப்பு வாவியைச் சுற்றி, பங்குடாவெளியிலிருந்து கல்முனை வரைக்கும், யார் எப்போது வந்து எதைப் படம்பிடித்தார்கள் என்று. வாவி சுமார் 56 கிலோமீற்றர் நீளம். தேட இடம் நிறைய இருக்கிறது.

எங்கே கிடக்கின்றன

முதல் இடம் விக்கிமீடியா கொமன்ஸ். பனோராமியோ மூடுவதாக அறிவித்தபோது, அங்கே கிரியேட்டிவ் கொமன்ஸ் என்கிற தாராள உரிமத்தில் போட்டிருந்த படங்களை ஒரு தானியங்கி நிரல் கொமன்ஸுக்கு அள்ளிக்கொண்டு வந்தது. கோப்பின் பெயர்க் கடைசியில் பனோராமியோ என்று ஆங்கிலத்தில் ஒட்டியிருக்கும். ஊர்ப் பெயரோடு அந்தச் சொல்லையும் சேர்த்துத் தேடினால் வரிசையாக வரும். பலவற்றில் எடுத்த இடத்தின் வரைபடப் புள்ளியும் அப்படியே இருக்கிறது. தலைப்பு மட்டும் 'பாலம்', 'மாலை', 'என் பயணம் 3' என்கிற மாதிரித்தான்.

இரண்டாவது இடம் ஃபிளிக்கர். மூன்றாவது, செத்துப்போன சொந்த இணையத்தளங்கள். தொண்ணூறுகளின் கடைசியில் ஜியோசிட்டீஸ் போன்ற இலவச இடங்களில், ஐரோப்பியர் பலர் தங்கள் இளமைக்காலப் பயணங்களின் ஸ்லைட்களை ஸ்கான் பண்ணிப் போட்டார்கள். ஜியோசிட்டீஸ் 2009 ஒக்டோபரில் மூடப்பட்டது. ஆர்க்கைவ் டீம் என்கிற தன்னார்வக் கூட்டம் ஓடி ஓடிப் பிரதி எடுத்ததால் கொஞ்சம் மிஞ்சியது. இன்டர்நெட் ஆர்க்கைவின் வேபேக் மெஷினில் பழைய முகவரியைப் போட்டால் சில பக்கங்கள் திறக்கும். எழுத்து வரும், படம் வராது. அல்லது தபால்தலை அளவுக்குச் சின்னப் படம் வரும், பெரிதாக்கினால் வெற்றுப் பெட்டி.

தேடுவதற்கு ஒரு சின்ன யோசனை. வெளிநாட்டுக்காரர் எங்கள் ஊர்ப் பெயர்களை எப்படியெல்லாம் பிழையாக எழுதுவார்கள் என்று நினைத்து நினைத்துத் தேட வேண்டும். பாசிக்குடாவை ஆங்கில எழுத்தில் நாலைந்து விதமாக எழுதுகிறார்கள். மட்டக்களப்பில் ஒரு எழுத்தைக் குறைத்து எழுதுகிறவர்கள் உண்டு. சிங்களப் பெயரான மடகலப்புவவைப் போட்டாலும் வேறொரு தொகுதி வரும். ஜெர்மன் மொழியில் 'கிழக்குக் கரை' என்று தேடினால் எழுபதுகளின் கல்குடா கிடைக்கும். அதைவிட முக்கியம், திருகோணமலை, அறுகம் குடா என்று தலைப்புப் போட்ட தொகுதிகளையும் பார்க்க வேண்டும். மூன்று வாரத்தில் முழு இலங்கையையும் சுற்றியவருக்கு எந்தப் பாலம் எந்த ஊரில் என்று இருபது வருடம் கழித்து எப்படி ஞாபகம் இருக்கும்?

இரண்டு குவியல், நடுவில் ஒரு பள்ளம்

நிறையப் பார்த்தபிறகு ஒரு ஒழுங்கு தெரிய ஆரம்பித்தது. மட்டக்களப்பின் பயணப் படங்கள் வருடங்களில் சீராகப் பரவிக் கிடக்கவில்லை. இரண்டு பெரிய குவியல்கள், நடுவில் ஒரு பள்ளம்.

இந்தக் குவியல்களுக்கு முந்திய காலத்தில் படம் எடுத்ததெல்லாம் கடைக்காரர்கள். 1890இல் தொடங்கிய பிளாட்டே நிறுவனம் போன்றவை இலங்கை முழுவதையும் அஞ்சலட்டையாக விற்றன. அவர்களுடைய கண் கண்டி, தேயிலைத் தோட்டம், காலிமுகத்திடல் பக்கம்தான். ரயில் மட்டக்களப்புக்கு வந்ததே 1928இல்; அதுவரை இந்தப் பக்கம் வருவதென்றால் பெரிய பாடு.

முதல் குவியல் எழுபதுகள். நாடு அப்போதுதான், 1972இல், சிலோன் என்கிற பெயரை விட்டு ஸ்ரீலங்கா ஆகியிருந்தது. பாசிக்குடாவில் ஹோட்டல்கள் வந்தன. இடுப்பளவு தண்ணீரில் வெகுதூரம் நடக்கக்கூடிய அந்தக் கடலைத் தேடி ஐரோப்பியர் வந்தார்கள். கையில் பிலிம் கமெரா. கொடாக்குரோம் ஸ்லைட். இந்தக் கொடாக்குரோம் எங்களுக்குச் செய்த உபகாரம் பெரிது. இருட்டில் வைத்தால் நிறம் பல பத்தாண்டுக்கு மங்காது. அந்தக் காலத்து வேறு பல பிலிம்கள் சிவப்பேறிப் போய்விட்டன. இன்னொரு உபகாரம், கழுவிய மாதமும் வருடமும் பல ஸ்லைட்களின் அட்டைச் சட்டத்தில் அச்சாகி இருக்கும். படம் எடுத்தது அதற்குக் கொஞ்சம் முன்னால் என்று வைத்துக்கொள்ளலாம். ஸ்கான் பண்ணுகிறவர் சட்டத்தையும் சேர்த்துப் பண்ணியிருந்தால் கும்பிட வேண்டும்.

1983 ஜூலை இனக்கலவரத்தோடு அந்த வரத்து நின்றுபோனது. பிறகு வருவது பள்ளம். தொண்ணூறுகளில் மட்டக்களப்புக்கு உல்லாசப் பயணி வரவில்லை. பத்திரிகைக்காரர் வந்தார்கள், செஞ்சிலுவைச் சங்கத்தார் வந்தார்கள். ஊரவர் கமெராவோடு தெருவில் நடந்தால் சோதனைச் சாவடியில் பதில் சொல்ல வேண்டும். எங்கள் வீடுகளில் அந்தக் காலத்துப் படம் என்றால் கல்யாணம், சாமத்தியச் சடங்கு, அடையாள அட்டைக்கு ஸ்டூடியோவில் எடுத்தது. தெருவை, சந்தையை, துறையை யாரும் எடுக்கவில்லை. அந்தப் பத்துப் பன்னிரண்டு வருடத்து மட்டக்களப்புத் தெரு இணையத்தில் இல்லவே இல்லை என்றால் அது தற்செயல் இல்லை.

இரண்டாவது குவியல் 2002 பெப்ரவரியில் போர்நிறுத்த ஒப்பந்தம் வந்ததிலிருந்து தொடங்குகிறது. ஃபிளிக்கர் தொடங்கியது 2004 பெப்ரவரியில். அதே வருடம் டிசம்பர் 26இல் சுனாமி. அதன்பின் உலகத்தின் எல்லா மூலையிலிருந்தும் தொண்டர்கள் வந்து இறங்கினார்கள். ஒவ்வொருவரிடமும் புது டிஜிட்டல் கமெரா, ஒவ்வொருவருக்கும் புது ஃபிளிக்கர் கணக்கு. வேலைநாளில் முகாம், ஞாயிற்றுக்கிழமையில் கோட்டை, வெளிச்சவீடு, வாவியில் சூரியன் மறைவது. 2005, 2006 ஆம் ஆண்டுகளின் மட்டக்களப்பு அளவுக்குப் படமெடுக்கப்பட்ட மட்டக்களப்பு அதற்கு முன் இருந்ததில்லை என்பது என் கணிப்பு.

படத்தின் பின்னால் நிற்பது

பயணி எடுக்க நினைத்தது ஒன்று, எங்களுக்குத் தேவையானது வேறொன்று. அவர் மனைவியைக் கடற்கரையில் நிறுத்தி எடுக்கிறார். எங்கள் கண் மனைவிக்குப் பின்னாலுள்ள வாடியில், வள்ளத்தில், தூரத்து ஓலைக் கூரையில். இந்தப் பின்பக்கம்தான் ஊரின் வரலாறு.

வருடம் போடாத படத்துக்கு வருடம் கண்டுபிடிப்பது ஒரு தனிச் சுகம். கல்லடியில் ஒரே ஒரு பாலம் தெரிந்தால் 2013க்கு முந்தியது. அந்த வருடம்தான் ஜப்பான் உதவியில் கட்டிய புதுப்பாலம் திறந்தது. அதற்குமுன் 1924இல் கட்டிய இரும்புப் பாலம், தேசாதிபதி மனிங்கின் மனைவி பெயரில் லேடி மனிங் பாலம், ஒற்றை வழியாக எல்லாப் பாரத்தையும் சுமந்தது. தலையில்லாத தென்னைகள் வரிசையாக நின்றால் 1978 நவம்பர் 23ஆம் திகதிச் சூறாவளிக்குப் பிந்தியது. வாகன இலக்கத் தகட்டில் நடுவில் சிங்கள ஸ்ரீ எழுத்து இருந்தால் ஐம்பதுகளின் கடைசிக்கு இந்தப் பக்கம். அந்த ஸ்ரீயின் மேல் தார் பூசிப் போராடிய ஊர் இது என்பதைப் படமெடுத்த வெள்ளைக்காரர் அறிந்திருக்க மாட்டார். இலக்கத் தகட்டில் ஆங்கில எழுத்தும் மாகாணக் குறியும் இருந்தால் 2000க்குப் பிந்தியது. சிவப்பு இ.போ.ச. (இலங்கைப் போக்குவரத்துச் சபை) பஸ் நின்றால் 1958க்கு முந்தியதாக இருக்க முடியாது. கல்லடி திருச்செந்தூர் முருகன் கோயில் கோபுரம் சரிந்து நின்றால் சுனாமிக்குப் பிறகு.

டிஜிட்டல் படம் என்றால் திகதி உள்ளேயே பதிவாகியிருக்குமே என்பீர்கள். இருக்கும். ஆனால் பற்றரி கழற்றிப் போட்டால் அந்தக் காலத்துக் கமெராக்களின் மணிக்கூடு தொடக்கத்துக்கே போய்விடும். சுனாமி முகாம் படத்தில் '2002 ஜனவரி 1' என்று திகதி இருந்தால் நம்பக் கூடாது.

இதில் மனம் கனக்கிற படங்களும் உண்டு. நாவலடி ஒரு பக்கம் கடலும் மறுபக்கம் வாவியும் உள்ள ஒடுங்கிய மணல்நிலம். சுனாமி அந்த ஊரை வழித்துக்கொண்டு போனது. மிஞ்சியவர்களில் பலர் திராய்மடுவில் குடியேற்றப்பட்டார்கள். அவர்களிடம் ஒரு அல்பமும் மிஞ்சவில்லை. ஆனால் 1913இல் கட்டிய பாலமீன்மடு வெளிச்சவீட்டுப் பக்கம் போகாத பயணி குறைவு. அங்கே நின்று கடல் பக்கமாக எடுத்த பழைய படம் ஏதாவது கிடைத்தால், பின்னால் ஒரு கோடாகத் தெரிகிற தென்னைகளும் கூரைகளும் நாவலடி. எடுத்தவருக்கு அது வெறும் பின்னணி. வேறு யாருக்கோ அது தாய்வீட்டின் ஒரே படம்.

பெரியப்பா பார்த்தபோது

ஒரு படத்தைப் பற்றிச் சொல்லவேண்டும். எழுபதுகளின் தொடக்கத்து ஸ்லைட், ஸ்கான் பண்ணியது. தலைப்பு 'பாலம், சிலோன்'. இரும்புப் பாலத்தின் வாயில் ஒரு சிவப்பு பஸ் நிற்கிறது. முன்னால் சாரத்தை மடித்துக் கட்டிய ஒருவர், தோளில் பறி. அவ்வளவுதான். நான் அதைப் பெரியப்பாவிடம் காட்டினேன். அவர் இ.போ.ச.வில் சாரதியாக இருந்து ஓய்வுபெற்றவர். கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டு, போனை வெளிச்சத்துக்குச் சரித்துப் பார்த்தார்.

"இது டவுண் பக்கம் இல்ல மனே. கல்லடிப் பக்கத்து வாய்."

"எப்பிடிப் பெரியப்பா தெரியும்?"

"நிழலப் பாரு. வெயில் கடல் பக்கத்தால வருது. காலம. அந்தக் கரையில லொறியொண்டு ஏறித்து எண்டா நாம இஞ்சதான் நிக்கணும். அதுதான் பஸ் நிக்குது. பழுதாகி நிக்கல்ல."

பிறகு அந்த மனிதரைப் பார்த்தார். பறி கனமாகத் தொங்குகிறது, ஈரம் தெரிகிறது, ஆகவே வாவியில் வலை வீசிவிட்டுச் சந்தைக்குப் போகிறார், திரும்பி வரவில்லை என்றார். பஸ்ஸில் ஏற்ற மாட்டார்கள், தண்ணி சொட்டும், பாலத்தில் நடந்துதான் போகவேண்டும் என்றார். கடைசியாகத் தகட்டைப் பெரிதாக்கச் சொல்லி, இலக்கத்தைப் பார்த்துவிட்டு, அது எந்தப் பாதையில் ஓடின வண்டி என்று சொல்லத் தொடங்கினார். நான் போனில் ஒலிப்பதிவை அமத்தினேன்.

ஒரு வெளிநாட்டுப் பயணி ஒரு நொடியில் எடுத்து, இரண்டு சொல்லில் தலைப்புப் போட்ட படம். அதற்குள் ஒரு ஊரின் காலைநேரமே இருந்தது. ஆனால் அதை வாசிக்கத் தெரிந்தவர் படத்தோடு இல்லை, ஆறாயிரம் மைலுக்கு இப்பால் சாய்மனைக் கதிரையில் இருந்தார். படம் இருக்கும் இடமும் அறிவு இருக்கும் இடமும் ஒன்றையொன்று அறியாமலே கிடக்கின்றன. இரண்டும் சந்திக்காவிட்டால் இரண்டுக்கும் பயனில்லை.

அவர்கள் பார்க்காத மட்டக்களப்பு

இந்தப் படங்களை ஊரின் முழு வரலாறு என்று எடுத்துக்கொள்ளவும் கூடாது. கிழக்குக் கரைக்குப் பயணி வரும் பருவம் ஏப்ரலிலிருந்து செப்ரெம்பர் வரை. ஆகவே அவர்களுடைய மட்டக்களப்பில் எப்போதும் வெயில், எப்போதும் நீல வானம். மாரியில் வாவி நிறைந்து முகத்துவாரம் வெட்டுவதும், வளவுக்குள் வெள்ளம் ஏறுவதும், வாடைக்காற்றில் வள்ளங்கள் கரையில் கவிழ்ந்து கிடப்பதும் அந்தத் தொகுதிகளில் இல்லை. மாரியில்லாத மட்டக்களப்பு எங்களுக்குத் தெரிந்த மட்டக்களப்பு அல்ல. பெரும்போக வேளாண்மை வெட்டு மாசி, பங்குனியில் முடிந்துவிடும். அதுவும் அநேகமாகத் தப்பிவிட்டது. ஆடி அமாவாசையில் மாமாங்கத் தீர்த்தம் பயணிக் காலத்துக்குள் வருவதால் அதற்குப் படம் உண்டு. வைகாசியில் கண்ணகை அம்மன் சடங்கும் அதே காலத்துக்குள்தான் வருகிறது. ஆனால் அது ஊருக்குள்ளே, இரவில் நடப்பது. எந்தப் பயண வழிகாட்டி நூல் வெள்ளைக்காரரை அங்கே கூட்டிக்கொண்டு போகப்போகிறது?

இதைவிடப் பெரிய குறை படுவான்கரை. வாவிக்குக் கிழக்கே எழுவான்கரை, மேற்கே படுவான்கரை. கொமன்ஸ் வரைபடத்தில் படப் புள்ளிகளைப் பார்த்தால் எல்லாம் எழுவான்கரையில், அதுவும் பெருந்தெருவை ஒட்டி. வாவியில் சூரியன் மறைகிற படம் ஆயிரம் இருந்தாலும், எல்லாம் எழுவான்கரையில் நின்று படுவான்கரையைப் பார்த்து எடுத்ததுதான். படுவான்கரை எங்களுக்குச் சோறு போட்ட கரை. இந்தப் படங்களில் அது சூரியனுக்குக் கீழே ஒரு கறுப்புக் கோடு.

காரணம் இல்லாமல் இல்லை. போகிற வழி கடினம். மண்முனையில் பாலம் வந்தது 2014இல்தான். அதுவரை பாதை, அதாவது மிதவைப் படகு, ஏறிப் போகவேண்டும். குருமண்வெளியிலிருந்து மண்டூருக்கும் பாதையில்தான் போய்வந்தோம். போர்க்காலத்தில் அந்தக் கரை புலிகளின் கட்டுப்பாட்டில், இந்தக் கரை இராணுவத்தின் கட்டுப்பாட்டில். 2007 வரைக்கும் அப்படித்தான். வலையிறவுப் பாலத்தைத் தாண்டிப் போய்ப் படமெடுத்துத் திரும்பிய உல்லாசப் பயணி யார்? அந்தப் பக்கத்தை ஊன்றிப் பார்த்த வெளிநாட்டவர் என்றால் ஆராய்ச்சியாளர்தான். மண்டூர்க் கோயிலைப் பற்றி எழுதிய மானிடவியலாளர் மார்க் விட்டேக்கர் ஒருவர். தெற்கே அக்கரைப்பற்றில் 1969இலிருந்து களவேலை செய்த டெனிஸ் மெக்கில்வ்ரே இன்னொருவர். அவருடைய பெரிய நூல் 2008இல் வந்தது. அவர்கள் பார்த்தது வேறு கண். சாதாரணப் பயணியின் கமெராவுக்குப் படுவான்கரை இல்லாத ஊர்.

ஆகவே அந்தக் குறையை நிரப்ப வேண்டியது நாங்கள். கொக்கட்டிச்சோலைத் தேர், பாதையில் ஏறி நிற்கிற உழவு இயந்திரம், சூடு மிதித்த களம், வாடிக்குள் மாட்டுப் பட்டி, இப்படி ஏதாவது யாருடைய வீட்டு றங்குப் பெட்டியிலோ இருக்கும். சூறாவளிக்கும் இடப்பெயர்வுக்கும் 2011 ஜனவரி வெள்ளத்துக்கும் கரையானுக்கும் தப்பியிருந்தால்.

தளங்கள் சாகும்போது எது தப்புகிறது

இணையத்தில் ஏறியது என்றைக்கும் இருக்கும் என்று நினைக்கிறோம். அப்படி ஒன்றும் இல்லை. பனோராமியோ போனது. ஜியோசிட்டீஸ் போனது. கூகிளின் பிக்காசா அல்பங்கள் 2016இல் நின்றன. ஃபிளிக்கர் கதையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதில்தான் எங்கள் 2005 கிடக்கிறது.

ஃபிளிக்கரை 2005இல் யாஹூ வாங்கியது. 2018இல் ஸ்மக்மக் என்கிற நிறுவனத்துக்குக் கைமாறியது. அந்த நவம்பரில் ஒரு அறிவிப்பு வந்தது. இலவசக் கணக்கில் ஆயிரம் படத்துக்கு மேல் வைக்க முடியாது, மிஞ்சியதை அழிப்போம், பழையதிலிருந்து தொடங்குவோம். பழையதிலிருந்து என்பதைக் கவனியுங்கள். சுனாமிக்கு வந்துவிட்டுப் போன தொண்டர், பிறகு பத்து வருடம் தன் பிள்ளைகளையும் பூனையையும் படமெடுத்து ஏற்றியிருந்தால், முதலில் அழியப்போவது மட்டக்களப்பு.

அதே மாதத்தில் ஒரு விலக்கும் வந்தது. கிரியேட்டிவ் கொமன்ஸ் உரிமத்தில் ஏற்கெனவே போட்டவற்றில் கைவைக்க மாட்டோம் என்றார்கள். பனோராமியோவிலும் அதே உரிமம் இருந்த படங்கள்தான் கொமன்ஸுக்கு வந்து சேர்ந்தன. இரண்டு தளம், இரண்டு கதை, ஒரே பாடம். பிறர் எடுத்துப் பாவிக்கலாம் என்று அனுமதி கொடுத்த படம் தப்பியது. 'எனக்கே எனக்கு' என்று பூட்டி வைத்த படத்துக்கு ஆபத்து. தானம் கொடுத்த விதை நெல் ஊரில் எங்கேயாவது முளைத்துக்கொண்டிருக்கும், பூட்டின பட்டறை நெல்லை எலி தின்னும் என்பது மாதிரி.

சுவிஸ்காரர் செய்தது

படத்தையும் பெயரையும் எப்படிச் சேர்ப்பது? இதற்கு நல்ல முன்மாதிரி உண்டு. 2008இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் தன் பழைய படங்களில் ஆயிரக்கணக்கானவற்றை ஃபிளிக்கரில் போட்டு, யார் எவர் என்று தெரிந்தால் எழுதுங்கள் என்று கேட்டது. சனங்கள் எழுதினார்கள். இடம், ஆள், வருடம் எல்லாம் திருந்தி நூலகப் பதிவுக்கே போனது.

எனக்கு இன்னும் பிடித்தது சூரிச்சில் நடந்தது. இ.டி.எச். பல்கலைக்கழக நூலகத்திடம் சுவிஸ்எயார் விமான நிறுவனத்தின் படக் குவியல் வந்து சேர்ந்தது. விமானம், ஆள், நிலையம் என்று ஏராளம். பெயர் குறிப்பில்லை. நூலகம் என்ன செய்தது தெரியுமா? ஓய்வுபெற்ற சுவிஸ்எயார் ஊழியர்களைக் கூப்பிட்டது. 2009இலிருந்து சில வருடம், விமானிகளும் பொறியியலாளர்களும் பணிப்பெண்களும் இருந்து படம் படமாகக் குறிப்பு எழுதினார்கள். அது நன்றாக வந்ததைக் கண்டு, பிறகு மற்றத் தொகுதிகளையும் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டார்கள்.

எங்கள் ஆட்கள் சுவிஸில் எத்தனை ஆயிரம் பேர் இருக்கிறார்கள்! அந்த நாட்டிலேயே நடந்த வேலை. இங்கேயும் ஓய்வுபெற்ற சாரதி இருக்கிறார், தபால் ஊழியர் இருக்கிறார், ரீச்சர்மார் இருக்கிறார்கள், வாவியில் ஐம்பது வருடம் வலை வீசியவர் இருக்கிறார். ஒரு பள்ளிக்கூட மண்டபம், ஒரு புரொஜெக்டர், ஒரு ஒலிப்பதிவு, தேநீர். வேறென்ன வேண்டும்? படம் சேர்த்துவைக்க இடமும் உண்டு. 2005இல் தொடங்கிய நூலகம் திட்டத்தை எல்லோருக்கும் தெரியும்; அவர்களுடைய ஆவணகம் தளம் ஒளிப்படம், ஒலிப்பதிவு எல்லாவற்றையும் சேர்க்கிறது.

பெயர் எழுதும்போது ஒரு எச்சரிக்கை வேண்டும். இடத்தின் பெயரை எழுதுங்கள், கட்டடத்தை, துறையை, தொழிலை, வருடத்தை எழுதுங்கள். உயிரோடு இருக்கிற மனிதரின் பெயரை அவரைக் கேட்காமல் எழுத வேண்டாம். சுனாமி முகாம் படங்களில் பெரும்பாலும் குழந்தைகள். அந்தக் குழந்தை இன்று இரண்டு பிள்ளையின் தாயாக இருக்கலாம். தன் வாழ்க்கையின் மிக மோசமான நாளில் ஒரு அந்நியர் எடுத்த படம் இணையத்தில் பெயரோடு கிடக்க வேண்டுமா என்று முடிவு செய்ய வேண்டியவர் அவர்தான். சாவடி, சுற்றிவளைப்பு என்று வருகிற படங்களுக்கு இது இன்னும் பொருந்தும்.

படத்தை எடுத்தவருக்கு ஒரு வரி எழுதிப் பாருங்கள். நான் எழுதியவர்களில் பலர் பதில் போடவில்லை. பலர் வயதானவர்கள், சிலர் இறந்தே போயிருக்கலாம். பதில் போட்டவர்கள் சந்தோஷப்பட்டார்கள். 'இது எந்த இடம் என்று இன்றுதான் தெரியும்' என்று எழுதிய ஒருவர், பரணிலிருந்த இன்னொரு பெட்டியையும் ஸ்கான் பண்ணுவதாகச் சொன்னார். அவர்களிடம் கேட்க வேண்டியது இரண்டே விஷயம். தலைப்பைத் திருத்துங்கள், உரிமத்தைத் தளர்த்துங்கள்.

கடைசியாக உங்களுக்கு. இதை வாசிப்பவர் காத்தான்குடியோ களுவாஞ்சிக்குடியோ, ஏறாவூரோ வவுணதீவோ, ரொறன்ரோவோ, எங்கே இருந்தாலும் சரி. வருகிற ஞாயிற்றுக்கிழமை கொமன்ஸில் ஊர்ப் பெயரைத் தேடி, சில பழைய படங்களைப் போனில் இறக்கிக்கொள்ளுங்கள். வீட்டில் எழுபது தாண்டியவரிடம் காட்டுங்கள். அவர் சொல்வதைப் பதிவுசெய்து, இடத்தையும் வருடத்தையும் படத்தின் கீழே எழுதுங்கள், தமிழிலேயே எழுதலாம். உங்கள் வீட்டு அல்பத்தில் ஒரு தெரு, ஒரு துறை, ஒரு வயல் இருந்தால் ஸ்கான் பண்ணி ஆவணகத்துக்குக் கொடுங்கள். படுவான்கரைப் படமென்றால் இரண்டு மடங்கு நன்றி. தள்ளிப்போட வேண்டாம். படம் இன்னும் சில வருடம் இருக்கும். சொல்லக்கூடியவர்கள் இருக்க மாட்டார்கள்.